கிழக்கே கடல், தெற்கே இலங்கை: ஸ்ரீஹரிகோட்டா ஏவுமேடைகளின் கதை

சங்கத்துக் கூட்டங்களில் விண்வெளி பற்றிப் பேச்சு வந்தால், மூத்தவர் ஒருவர் எழுந்து ஒரு குறையைச் சொல்லிவிட்டுத்தான் உட்காருவார். "ராக்கெட் பண்றதும் நம்ம ஆளு, விடறதும் நம்ம ஆளு. ஆனா விடற இடத்த மட்டும் ஆந்திராவுக்குத் தூக்கிக் குடுத்துட்டோமே!" அப்துல் கலாம், மயில்சாமி அண்ணாதுரை, சிவன், வீரமுத்துவேல், நாராயணன் என்று பெயர்களையும் அடுக்குவார். கைத்தட்டல் விழும்.

இந்தக் குறையில் ஓரளவு உண்மை உண்டு. மீதி பூகோளம். இரண்டையும் பிரித்துப் பார்ப்பதே இக்கட்டுரையின் நோக்கம். பெங்களூருவில் குடியிருக்கும் நமக்கு இதில் தனி அக்கறையும் இருக்கிறது. இஸ்ரோவின் தலைமையகம் இந்த ஊரில்தான். செயற்கைக்கோள்கள் உருவாவது இந்த ஊரில்தான். மேடையை விட்டுக் கிளம்பிய செயற்கைக்கோளுக்குக் கட்டளை போவதும் பீனியாவிலிருக்கும் கட்டுப்பாட்டு மையத்திலிருந்துதான். மேடை மட்டும் முந்நூற்றுச் சொச்சம் கிலோமீட்டர் தள்ளி, ஏரிக்கும் கடலுக்கும் நடுவில் ஒரு தீவில் இருக்கிறது. ஏன் அங்கே?

ராக்கெட் இந்த ஊருக்குப் புதிதல்ல. நகரச் சந்தைப் பக்கம் தாரமண்டல்பேட்டை என்று ஒரு பகுதி உண்டு. ஹைதர், திப்பு காலத்தில் போர் ராக்கெட்டுகள் செய்த இடம் என்று பெயர் பெற்றது. இரும்புக் குழாயில் வெடிமருந்தை அடைத்து, நீண்ட மூங்கிலிலோ வாளிலோ கட்டி விடுவார்கள். காஞ்சிபுரம் அருகே புள்ளலூரில் 1780-ல் கம்பெனிப் படை தோற்றபோது இந்த ராக்கெட்டுகளும் களத்தில் இருந்தன. இங்கிலாந்தில் காங்கிரீவ் பின்னர் செய்த ராக்கெட்டுகளுக்கு இவைதான் முன்மாதிரி. 2018-ல் ஷிமோகா மாவட்டத்து நகரா என்ற ஊரில் பாழுங்கிணறு ஒன்றிலிருந்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட ராக்கெட் குழாய்களை எடுத்தார்கள். அந்த ராக்கெட்டுக்கு ஏவுமேடை என்று தனியாக ஒன்று வேண்டியிருக்கவில்லை. ஒரு சிப்பாயின் கை போதும், அல்லது சக்கரம் வைத்த ஒரு சட்டம். எதிரி இருக்கும் திசைதான் ஏவும் திசை.

செயற்கைக்கோளைச் சுமக்கும் ராக்கெட்டின் கணக்கு வேறு. பூமி மேற்கிலிருந்து கிழக்காகச் சுழல்கிறது. நிலநடுக்கோட்டில் அந்த வேகம் விநாடிக்குச் சுமார் 465 மீட்டர். கிழக்கு நோக்கி ஏவினால் அந்த வேகம் ராக்கெட்டுக்கு இனாமாகக் கிடைக்கிறது. ஓடுகிற பஸ்ஸிலிருந்து ஓடுகிற திசையிலேயே பந்தை வீசுகிற மாதிரி. ஸ்ரீஹரிகோட்டா நிலநடுக்கோட்டுக்கு வடக்கே 13.7 பாகையில் இருக்கிறது. அங்கே இந்த இனாம் 450 மீட்டர். ரஷ்யர்கள் பயன்படுத்தும் பைகோனூரில் 325 மீட்டர்தான். ஆகவே எவ்வளவு தெற்கோ அவ்வளவு லாபம். இரண்டாவது நிபந்தனையும் உண்டு. எரிந்து முடிந்த அடுக்குகள் கழன்று கீழே விழும். ராக்கெட் கோளாறானால் முழுதாகவே விழும். விழும் பாதையில் மனிதர் இருக்கக் கூடாது. அதாவது கிழக்கே வெறும் கடல் வேண்டும்.

நம் நாட்டின் முதல் ஏவுதளமான தும்பாவுக்கு இந்த நிபந்தனைகள் பொருந்தாமல் போனது இதனால்தான். திருவனந்தபுரத்துக்குப் பக்கத்தில் உள்ள அந்த மீனவக் கிராமத்தைத் தேர்ந்தெடுத்ததற்குக் காரணம், பூமியின் காந்த நடுக்கோடு அதையொட்டிச் செல்வது. வளிமண்டலத்தின் மேலடுக்கை ஆராயும் சிறு ராக்கெட்டுகளுக்கு அது அருமையான இடம். 1963 நவம்பர் 21-ல் அமெரிக்க நைக்கி-அப்பாச்சி ராக்கெட் அங்கிருந்து கிளம்பியது. மகதலேனா மரியாள் தேவாலயத்தையும் ஆயர் இல்லத்தையும் ஆயர் பீட்டர் பெர்னார்ட் பெரேரா ஆராய்ச்சிக்கு விட்டுக்கொடுத்த கதையும், ராக்கெட் பாகத்தைச் சைக்கிளில் வைத்துத் தள்ளிய புகைப்படமும் எல்லோருக்கும் தெரிந்தவை. ஆனால் தும்பா மேற்குக் கடற்கரை. அங்கிருந்து கிழக்கே ஏவினால் ராக்கெட் கேரளத்தையும் தமிழ்நாட்டையும் தாண்டித்தான் கடலுக்குப் போக வேண்டும். செயற்கைக்கோள் ஏவுவதென்று முடிவானவுடனே விக்ரம் சாராபாய் கிழக்குக் கடற்கரையில் இடம் தேடச் சொன்னார்.

1968, 69-ல் நடந்த இந்தத் தேடலில்தான் நம் மூத்தவர் சொல்லும் குறையின் வேர் இருக்கிறது. இஸ்ரோவின் தொடக்க கால விஞ்ஞானி ஒருவர் தம் நினைவு நூலில் இதைச் சொல்லியிருக்கிறார். தமிழ்நாட்டுக் கடற்கரையும் பரிசீலனையில் இருந்தது. சாராபாய் சென்னைக்கு வந்தார். முதலமைச்சர் அண்ணாவுக்குத் தோள்வலி. அவருக்குப் பதிலாக அமைச்சர் ஒருவர் வந்தார், அதுவும் மிகத் தாமதமாக. சந்திப்பு சரியாக அமையவில்லை. ஆந்திர அரசோ நிலத்தைத் தரத் தயாராக இருந்தது. அண்ணா 1969 பிப்ரவரியில் காலமானார் என்பதையும் இங்கே நினைவில் கொள்ள வேண்டும். உடல்நிலை நிஜமாகவே மோசமாக இருந்த காலம் அது.

சரி, அந்தச் சந்திப்பு நன்றாக நடந்திருந்தால்? வாசகர்கள் பிள்ளைகளின் பள்ளி அட்லஸை எடுத்து வைத்துக்கொண்டு மேலே படிக்கலாம். குலசேகரப்பட்டினத்தில் விரலை வைத்து நேர் கிழக்கே நகர்த்துங்கள். மன்னார் வளைகுடாவைத் தாண்டி இருநூறு கிலோமீட்டருக்குள் இலங்கையின் மேற்குக் கரை, புத்தளம் பக்கம், தட்டுப்படும். கிழக்கு நோக்கி ஏவ வழியில்லை. நாகப்பட்டினத்துக்கு வாருங்கள். கிழக்கே கடல் திறந்துதான் கிடக்கிறது. ஆனால் தெற்கே யாழ்ப்பாணம் மிக அருகில். போதாததற்கு அது காவிரி டெல்டா. நெல் வயலும் ஊரும் நெருக்கியடித்துக் கிடக்கும் பூமியில் நாற்பதாயிரம் ஏக்கரை யார் காலி பண்ணித் தருவார்கள்? இன்னும் வடக்கே போகப் போக இலங்கை பின்தங்குகிறது, ஜனநெருக்கமும் பழவேற்காடு ஏரிக்கு அப்பால் சட்டென்று குறைகிறது. அங்கேதான் ஸ்ரீஹரிகோட்டா. தமிழ்நாட்டில் ஏவுதளமே அமைந்திருக்க முடியாது என்று நான் சொல்லவில்லை. ஆனால் அது ஒரு அமைச்சரின் தாமதத்தால் மட்டும் போனது என்று சொல்வது அட்லஸைப் பார்க்காத பேச்சு.

இனி தீவின் கதை. பழவேற்காடு ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் இடையே நூல் கதிர் போல நீண்ட நிலம். கடற்கரை மட்டும் ஐம்பது கிலோமீட்டர். சென்னை ராஜதானியில் நெல்லூர் மாவட்டத்தைச் சேர்ந்தது. 1953-ல் ஆந்திரம் பிரிந்தபோது மாவட்டத்தோடு போயிற்று. ம.பொ.சி. வடக்கெல்லைக்காகப் போராடிய காலத்தில், 1960-ல் திருத்தணி நம் பக்கம் வந்த காலத்தில், இந்த மணல் தீவைப் பற்றி யாரும் சண்டை போடவில்லை. ஏரியிலேயே பெரும்பகுதி ஆந்திரத்தில், தெற்கு முகத்துவாரப் பகுதி தமிழ்நாட்டில். ஏரியின் தென்கோடியில் நம் பழவேற்காடு. டச்சுக்காரர்கள் அங்கே 1613-ல் ஜெல்டிரியா கோட்டையைக் கட்டினார்கள். அந்த நூற்றாண்டிலேயே வெடிமருந்துத் தொழிற்சாலையும் வைத்து, கிழக்கிந்தியத் தீவுகளிலிருந்த தங்கள் கோட்டைகளுக்கு அனுப்பினார்கள். இன்று அதே ஏரியின் மறுகரையில் திட எரிபொருள் ஆலை இயங்குகிறது. தற்செயல்தான், ஆனாலும் சொல்லாமல் போக மனம் வரவில்லை.

வெள்ளைக்காரர் காலத்தில் இந்தத் தீவு சென்னைப் பட்டணத்து அடுப்புகளுக்கு விறகுக் காடு. பக்கிங்ஹாம் கால்வாயில் படகு படகாக விறகு வந்திறங்கும். காட்டுக்குள் இருந்தவர்கள் யானாதிகள் என்ற பழங்குடியினர். தேன், மூலிகை, கிழங்கு, மீன் என்று வாழ்ந்தவர்கள். பாம்பு பிடிப்பதில் கைதேர்ந்தவர்கள். எட்கர் தர்ஸ்டன் 1909-ல் வெளியிட்ட தென்னிந்தியச் சாதிகள் பற்றிய நூல் தொகுதிகளில் இவர்களைப் பற்றி விரிவாகவே எழுதியிருக்கிறார். ஏவுதளம் வந்தபோது தீவிலிருந்த ஊர்கள் காலியாயின. யானாதிக் குடும்பங்கள் பலவும் ஏரிக்கு அப்பால் போய்க் குடியேற வேண்டியதாயிற்று. காட்டைத் தவிர வேறு தெரியாதவர்களுக்குக் காட்டை எடுத்துவிட்டு வீட்டுமனை கொடுத்தால் எப்படியிருக்கும் என்பதை நாம் யோசித்துக்கொள்ளலாம். "நாம இழந்துட்டோம்" என்று நாம் மேடையில் பேசுகிறோம். அந்தத் தீவை நிஜமாக இழந்தவர்கள் யாரும் நம் கூட்டங்களுக்கு வருவதில்லை.

1971 அக்டோபர் 9-ல் ரோகிணி-125 என்ற சிறு ராக்கெட்டோடு ஸ்ரீஹரிகோட்டா செயல்படத் தொடங்கியது. அந்த ஆண்டு முடிவதற்குள், டிசம்பர் 30-ல், சாராபாய் காலமானார். அவருக்குப்பின் வந்தவர் சதீஷ் தவான். பெங்களூருவுக்கு இஸ்ரோ வந்த கதை இவரோடு சேர்ந்தது: இந்திய அறிவியல் கழகத்தின் இயக்குநர் பதவியை விட மாட்டேன், தலைமையகம் பெங்களூருவில்தான் இருக்க வேண்டும் என்று இரண்டு நிபந்தனை போட்டார், பிரதமர் இந்திரா காந்தி ஒப்புக்கொண்டார். நம்மில் எத்தனை குடும்பங்கள் அந்த முடிவால் இந்த ஊருக்கு வந்து சேர்ந்தன!

அப்போது நமக்குச் செயற்கைக்கோள் செய்யத் தெரிந்தது, ஏவும் மேடை இல்லை. பீனியா தொழிற்பேட்டையின் தகரக் கொட்டகைகளில் உருவான ஆர்யபட்டா 1975 ஏப்ரல் 19-ல் சோவியத் நாட்டின் கபுஸ்தின் யார் தளத்திலிருந்துதான் ஏவப்பட்டது. 1981-ல் ஆப்பிள், தென்னமெரிக்கக் கரையிலுள்ள கூரூவிலிருந்து. இரவல் மேடைதான்.

சொந்த மேடையில் முதல் முயற்சி 1979 ஆகஸ்ட் 10. கலாம் திட்ட இயக்குநராக இருந்த எஸ்.எல்.வி.-3, 22 மீட்டர் உயரம், 17 டன் எடை. கடலில் விழுந்தது. பத்திரிகைக்காரர்கள் முன் தவான் தாமே போய்ப் பொறுப்பேற்றார். 1980 ஜூலை 18-ல் வென்றபோது, "நீங்க போய்ப் பேசுங்க" என்று கலாமை அனுப்பினார். கலாம் இதைப் பல மேடைகளில் சொல்லியிருக்கிறார். எத்தனை முறை கேட்டாலும் எனக்கு அலுக்கவில்லை. தவான் 2002-ல் மறைந்ததும் ஏவுதளத்துக்கு அவர் பெயரே வைக்கப்பட்டது.

அந்தச் சிறிய மேடை அடுத்து வந்த ஏ.எஸ்.எல்.வி.யோடு தன் வேலையை முடித்துக்கொண்டது. பி.எஸ்.எல்.வி. மிகப் பெரியது, அதற்கெனக் கட்டியதுதான் இன்று முதல் ஏவுமேடை எனப்படுவது. 1993 செப்டம்பர் 20-ல் முதல் பயன்பாடு. அதுவும் தோல்வியில்தான் முடிந்தது. தொடக்கத்தில் இந்த மேடையில் ராக்கெட் அசையாது, கோபுரம்தான் அசையும். சுமார் 76 மீட்டர் உயரமுள்ள கோபுரம் தண்டவாளத்தில் நகர்ந்து வந்து மேடையை அணைத்துக்கொள்ளும். அதற்குள் வைத்தே அடுக்கு மேல் அடுக்காக ராக்கெட்டை நட்டு, முடிந்ததும் கோபுரம் பின்வாங்கிவிடும். கோயில் கட்டுகிறவர்கள் சாரம் பிரிப்பது போல என்று வைத்துக்கொள்ளுங்கள். மேடைக்கு அடியில் தீச்சுவாலையைப் பக்கவாட்டில் திருப்பிவிடும் ஆழமான கால்வாய். சுவாலை நேரே தரையில் அடித்தால் அதன் வெப்பமும் சத்தமும் திரும்பி வந்து ராக்கெட்டையே பதம் பார்த்துவிடும்.

மேடை என்பது வெறும் சிமெண்ட் தளமல்ல, அது ராக்கெட்டைப் பிடித்துக்கொள்ளும் கையும்கூட என்பதை 2001 மார்ச் 28 காட்டியது. ஜி.எஸ்.எல்.வி.யின் முதல் பயணம். அதன் அமைப்புப்படி, பக்கத்திலுள்ள நான்கு திரவ எஞ்சின்கள் முதலில் பற்ற வேண்டும். அவை சரியாக எரிகின்றனவா என்று கணினி சில விநாடிகள் பார்க்கும். பிறகுதான் நடுவிலுள்ள திட எரிபொருள் அடுக்குக்குத் தீ வைக்கும். திட எரிபொருள் தீபாவளி ராக்கெட் மாதிரி, ஒருமுறை பற்றினால் அணைக்க முடியாது. அன்று நான்கில் ஒன்று போதிய உந்துவிசை தரவில்லை. கிளம்ப ஒரு விநாடி இருக்கையில் கணினி எல்லாவற்றையும் நிறுத்திவிட்டது. புகையும் தீயுமாக இருந்த மேடையில் ராக்கெட் அப்படியே நின்றது. தொலைக்காட்சியில் பார்த்தவர்கள் "போச்சு" என்றார்கள். பழுதைச் சரிசெய்து, மூன்றே வாரத்தில், ஏப்ரல் 18-ல் அதே மேடையிலிருந்து அதே ராக்கெட் கிளம்பியது.

எல்லா விபத்தும் அப்படி முடியவில்லை. 2004 பிப்ரவரியில் திட எரிபொருள் பிரிவில் ஏற்பட்ட தீ விபத்தில் ஆறு பேர் உயிரிழந்தார்கள். டன் டன்னாக எரிபொருள் வார்க்கும் ஆலை மேடைக்குப் பக்கத்திலேயே இருக்கிறது; அவ்வளவு பெரிய தீவு ஏன் காலியாக வேண்டும் என்பதற்கு அதுவும் ஒரு விடை.

ஒரே மேடை இருந்தால், ஒரு ராக்கெட் பழுதாகி நின்றால் மற்றதெல்லாம் காத்திருக்க வேண்டும். அதனால் வந்ததுதான் இரண்டாவது ஏவுமேடை. 2005 மே 5-ல் பி.எஸ்.எல்.வி.-சி6 கார்ட்டோசாட்-1-ஐச் சுமந்து அங்கிருந்து கிளம்பியபோது, குடியரசுத் தலைவராக வந்து நின்று பார்த்தவர் கலாம். இங்கே முறை தலைகீழ்: ராக்கெட்டைத் தனிக் கட்டடத்துக்குள் நகரும் பீடத்தின்மேல் கட்டி, தேர் மாதிரி நிற்க வைத்தபடியே ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் தண்டவாளத்தில் மேடைக்கு இழுத்து வருவார்கள். இதன் அருமை 2013 ஆகஸ்ட் 19-ல் தெரிந்தது. ஜி.எஸ்.எல்.வி.-டி5 கிளம்ப 74 நிமிடம் இருக்கையில் இரண்டாம் அடுக்கில் எரிபொருள் கசிந்தது. தேரை நிலைக்குத் திருப்பிக் கொண்டுபோய்ப் பிரித்துப் பார்த்தார்கள். 2014 ஜனவரி 5-ல் ஏவினார்கள். நம் நாட்டில் செய்த கிரையோஜெனிக் எஞ்சின் முதன்முதலாக வெற்றி பெற்றது அன்றுதான்.

மூன்று சந்திரயான்களும் ஆதித்யாவும் இந்த இரண்டாவது மேடையிலிருந்து போனவை. மங்கள்யானும், 2017-ல் ஒரே தடவையில் 104 செயற்கைக்கோள்களும் பழைய முதல் மேடையிலிருந்து. 2025 ஜனவரி 29-ல் ஸ்ரீஹரிகோட்டாவின் நூறாவது ஏவுதல் நடந்தது. அதற்கு இரண்டு வாரம் முன்புதான் சுமார் 3,985 கோடி ரூபாயில் மூன்றாவது மேடைக்கு மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. இன்னும் பெரிய, 91 மீட்டர் உயர ராக்கெட்டுக்காக. சென்னை ஐ.ஐ.டி.யில் வளர்ந்த அக்னிகுல் நிறுவனம் 2022-லேயே தீவுக்குள் தனக்கென ஒரு சிறு மேடை போட்டு, 2024 மே 30-ல் ஏவியும் காட்டிவிட்டது.

இப்போது மறுபடி அட்லஸுக்கு வாருங்கள். படம் பிடிக்கும் செயற்கைக்கோள்களுக்குக் கிழக்குத் திசை வேண்டாம். துருவத்துக்குத் துருவம் சுற்றுவதால் தெற்கு நோக்கி ஏவ வேண்டும். ஸ்ரீஹரிகோட்டாவிலிருந்து நேர் தெற்கே போனால் இலங்கையின் தலைமேல் போக நேரிடும். ஆகவே ராக்கெட்டை முதலில் தென்கிழக்காக விட்டு, கடலுக்கு மேலே போனபின் தெற்கே திருப்புகிறார்கள். அந்தத் திருப்பத்துக்கு எரிபொருள் செலவாகிறது, சுமக்கும் எடை குறைகிறது. பி.எஸ்.எல்.வி. தாங்கும். 120 டன்னே உள்ள எஸ்.எஸ்.எல்.வி. போன்ற சின்ன ராக்கெட்டுக்கு அது பெரிய அடி.

குலசையிலிருந்து பார்த்தால் இது தலைகீழ். கிழக்கே இலங்கை அடைக்கிறது; தெற்கே அண்டார்டிகா வரை தண்ணீர்தான். கிழக்குப் பயணத்துக்கு உதவாத அதே இடம் தெற்குப் பயணத்துக்கு மிகப் பொருத்தம். 1969-ல் இந்த வகைச் சிறு ராக்கெட்டுக்கும் சந்தைக்கும் வழியில்லை, இன்று இருக்கிறது. 2024 பிப்ரவரி 28-ல் பிரதமர் அடிக்கல் நாட்டினார். 986 கோடி ரூபாய், இரண்டாயிரம் ஏக்கருக்கு மேல் நிலம். எஸ்.எஸ்.எல்.வி.யைச் செய்யும் தொழில்நுட்பத்தை 2025-ல் ஏலத்தில் வென்றிருப்பது நம் பெங்களூரு எச்.ஏ.எல். பழைய விமான நிலையச் சாலைத் தொழிலாளியின் கைவேலை இனித் தேரிக்காட்டு மணலிலிருந்து கிளம்பும்.

குலசை நமக்குத் தசராவுக்கும் முத்தாரம்மனுக்கும் பழக்கமான ஊர். பாண்டியர் காலத் துறைமுகம். 1942-ல் உப்பளத்து ஆங்கில அதிகாரி லோன் கொல்லப்பட்ட வழக்கால் சுதந்திரப் போராட்ட வரலாற்றில் இடம் பெற்றது. பனைவெல்லத்திலிருந்து சர்க்கரை எடுக்க ஒரு வெள்ளைக்காரக் கம்பெனி ஆலை வைத்து, திசையன்விளைக்கும் திருச்செந்தூருக்கும் சின்ன ரயில்கூட ஓட்டியது. ஆலை போனது, ரயிலும் போனது.

நம் மூத்தவரிடம் இதையெல்லாம் சொன்னேன். "அப்ப கடைசியில நமக்கும் கிடைச்சிடுச்சு" என்றார் சந்தோஷமாக. கிடைத்தது உண்மைதான். ஸ்ரீஹரிகோட்டாவில் ஏவுகிற நாளெல்லாம் பழவேற்காட்டு மீனவர்களுக்குக் கடலுக்குப் போகக் கூடாதென்று அறிவிப்பு வருகிறது. மேடை ஆந்திரத்தில் இருந்தாலும் அன்றைய கூலியை இழப்பவர்களில் தமிழர்களும் உண்டு. குலசையில் ஏவத் தொடங்கினால் மணப்பாட்டுக்கும் ஆலந்தலைக்கும் அதே அறிவிப்பு வரும். வருஷத்துக்கு எத்தனை நாள், ஒரு நாளைக்கு ஒரு படகுக்கு என்ன ஈடு என்பதை முதல் ராக்கெட் மேடைக்கு வருவதற்கு முன்பே எழுத்தில் முடிவு செய்துகொள்ள வேண்டும். இதை அடுத்த கூட்டத்தில் எழுந்து கேட்கும்படி அவரிடமே சொல்லியிருக்கிறேன்.